விலை வேறு, விருது வேறு

பாட்டும் மூச்சும் உடல்வலியும் ஒரே நொடியில் ஒன்றாய் நிற்கும் ஆட்டம் சடுகுடு. மூச்சை அடக்கிப் பாடிக்கொண்டே மாற்றார் எல்லைக்குள் தனியொருவனாய்ப் புகுந்து, எழுவர் நடுவில் ஒருவனைத் தொட்டு, பற்றிய கைகளை உதறித் தன் நடுக்கோட்டுக்கு மீண்டு வரும் ஆடுநனைத் தமிழன் 'பாடிச் செல்பவன்' என்றே அழைத்தான். 'தாக்கச் செல்பவன்' என்றோ 'பாயச் செல்பவன்' என்றோ அவன் சொல்லவில்லை. ஆட்டத்தின் உயிர் பாட்டில் இருந்தது. பாட்டின் உயிர் மொழியில் இருந்தது. அத்தகைய ஆட்டத்தில் ஓர் ஆண்டு முழுதும் சிறந்து விளங்கிய ஒருவரை யார் தேர்ந்தெடுப்பது, எப்பெயரால் சிறப்பிப்பது, அவர் பெயரை எங்குப் பொறித்து வைப்பது என்னும் கேள்விகள் சிறியனவாகத் தோன்றலாம். உண்மையில் ஓர் இனம் தன்னைத் தானே மதிக்கக் கற்றுக்கொண்டதா என்பதை அளக்கும் கோல்கள் அவை.

2025ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்களில் பகுரைன் நாட்டில் நடந்த ஆசிய இளையோர் விளையாட்டுப் போட்டிகளில், கபடி ஆட்டத்தின் மகளிர் இறுதிப் போட்டியில் இந்திய அணி ஈரான் அணியை 75க்கு 21 என்னும் கணக்கில் வென்றது. அவ்வணியின் துணைத்தலைவியாய் நின்று ஆடியவர் சென்னையின் தென்கரையில் உள்ள கண்ணகி நகரைச் சேர்ந்த கார்த்திகா. ஆடவர் பிரிவிலும் இந்திய அணியே வென்றது. அதில் திருவாரூர் மாவட்டத்து வடுவூரைச் சேர்ந்த அபினேசு ஆடினார். தமிழக அரசு இருவருக்கும் 25 இலக்கம் உருபா வீதம் ஊக்கத்தொகை அளித்தது.

கண்ணகி நகர் எத்தகைய ஊர் என்பதை அறிந்தார்க்கே இவ்வெற்றியின் பெருமை முழுதும் விளங்கும். சென்னை நகரின் நீர்வழிக் கரைகளிலும் சாலையோரங்களிலும் குடிசையிட்டு வாழ்ந்த ஏழை எளியோரை அங்கிருந்து பெயர்த்து, 2000ஆம் ஆண்டு முதலாக நகருக்கு வெளியே கொண்டுபோய்க் குடியமர்த்திய இடம் அது. அவ்வூரின் பெயரைச் சொன்னாலே முகத்தைச் சுளிக்கும் பழக்கம் நகரத்தாரிடம் நெடுநாள் இருந்தது. அவ்வூர்ப் பெண்ணொருத்தி ஆசியக் கண்டத்தின் இளையோர் நடுவில் தலைநிமிர்ந்து நின்றாள். சிலம்பேந்தி நயன்மை கேட்ட கண்ணகியின் பெயரைத் தாங்கிய ஊருக்கு இதைவிடப் பொருத்தமான பெருமை வேறில்லை.

பணம் கொடுத்ததில் குறையில்லை. வறுமையில் வளரும் ஆடுநர்க்குப் பணம் வேண்டும். அரசுப் பணியில் விளையாட்டுப் பிரிவினர்க்கென ஒதுக்கப்பெற்றுள்ள 3 விழுக்காடும் வேண்டும். ஆனால், ஓர் இறுதிப் போட்டியின் வெற்றிக்குக் கிடைக்கும் ஊக்கத்தொகை வேறு. ஓர் ஆண்டின் ஆட்டத்திறனுக்கு ஆட்டமறிந்தோர் வழங்கும் சிறப்பு வேறு. முன்னது வெற்றியைப் பார்த்து வருவது. பின்னது திறத்தைப் பார்த்து வருவது. தோற்ற அணியிலும் ஆண்டின் தலைசிறந்த ஆடுநர் இருக்கலாம். அவரைக் கண்டெடுத்துச் சொல்ல ஓர் அமைப்பு வேண்டும். தமிழ்நாட்டுச் சடுகுடுக்கு அந்த அமைப்பே இன்றைய முதல் தேவை.

இந்திய அரசு வழங்கும் அருச்சுனன் விருது இருக்கின்றதே என்பார் உளர். 1961ஆம் ஆண்டில் ஏற்படுத்தப்பெற்ற அவ்விருது, விண்ணப்பங்களைப் பெற்று, முந்தைய நான்காண்டுகளின் ஆட்டத்தை நோக்கி, ஒரு குழுவினால் தேர்ந்தளிக்கப்படுவது. வெண்கலத்தாலான அருச்சுனன் உருவமும், பாராட்டுப் பட்டயமும், 2020 முதல் 15 இலக்கம் உருபாவும் அதனோடு வரும். 1994ஆம் ஆண்டு இரோசிமாவில் நடந்த ஆசிய விளையாட்டுப் போட்டியில் பொற்பதக்கம் வென்ற அணியில் ஆடிய மணத்தி கணேசனுக்கு 1995ஆம் ஆண்டுக்குரிய அருச்சுனன் விருது கிடைத்தது. தூத்துக்குடி மாவட்டத்துச் சிற்றூரொன்றின் மண்ணில் ஆடிப் பழகியவரை இந்தியத் துணைக்கண்டமே அறியச் செய்தது அவ்விருது. அதன் பயனை மறுப்பார் யாருமிலர்.

எனினும் அவ்விருது எல்லா விளையாட்டுகளுக்கும் பொதுவானது. வில்லெய்வோரும் மற்போர் செய்வோரும் மட்டைப்பந்து ஆடுவோரும் நிற்கும் நீண்ட வரிசையில் சடுகுடு ஆடுநரும் ஒரு மூலையில் நிற்க வேண்டும். ஓர் ஊரின் திடலில், ஒரு மாவட்டத்தின் போட்டியில் ஆண்டெல்லாம் ஆடிக் களைத்தவனை அதன் கண்கள் காண இயலாது. அதற்காக அமைந்ததும் அன்று அது.

பெயர்களையும் எண்ணிப் பார்த்தல் வேண்டும். ஆடுநர்க்குரிய விருதுக்கு அருச்சுனன் பெயர். பயிற்றுநர்க்கு 1985 முதல் வழங்கப்படும் விருதுக்குத் துரோணன் பெயர். வேட்டுவர் குடியிற் பிறந்தான் என்பதற்காக ஏகலைவனுக்குக் கற்பிக்க மறுத்தவனும், தானே கற்றுத் தேர்ந்த அவனது கட்டை விரலைக் காணிக்கையாகக் கேட்டுப் பெற்றவனும் அத்துரோணனே என்பது அக்கதை தெரிந்த எவரும் அறிந்தது. விரல் போனதால் வில்லாண்மையில் நிகரற்றவனாய் நின்றவன் அருச்சுனன். ஏழைக் குடியிற் பிறந்து, பயிற்றுவிப்பார் இன்றித் தானே ஆடிக் கற்கும் சிற்றூர் இளைஞனின் மார்பில் இப்பெயர்களைக் குத்தி அனுப்புவதில் உள்ள முரணைப் பெயரிட்டோர் எண்ணினாரில்லை. ஏகலைவனின் விரலுக்கு எந்த விருதும் ஈடாகாது.

மற்றொரு பக்கம், விலை என்னும் புதிய அளவுகோல் வந்து சேர்ந்திருக்கின்றது. 2014ஆம் ஆண்டில் தொலைக்காட்சியை நம்பித் தொடங்கப்பெற்ற தொழில்முறைக் கபடிப் போட்டியில் ஆடுநர்கள் ஏலத்தில் எடுக்கப்படுகின்றனர். 2017இல் தமிழ்நாட்டின் பெயரால் ஓர் அணி அதில் சேர்ந்தது. அதன் பெயர் 'தமிழ்த் தலைவாசு'. 'தலைவா' என்னும் தமிழ் விளிக்கு ஆங்கிலப் பன்மை ஈற்றை ஒட்டவைத்த பெயர் அது. தலைவர்கள் என்று சொல்லத் தமிழில் வழியில்லாமற் போயிற்றா? 2022ஆம் ஆண்டு ஏலத்தில் அவ்வணி பவன் செராவத்து என்னும் ஆடுநரை 2 கோடி 26 இலக்கம் உருபாவுக்கு எடுத்தது. அவரோ முதற்போட்டியிலேயே முழங்காலில் அடிபட்டு, அப்பருவம் முழுதும் ஆட இயலாதவரானார். அடுத்த ஏலத்தில் வேறோர் அணி அதனினும் மிகுந்த விலைக்கு அவரை எடுத்துக்கொண்டது. ஆடுநர் மேல் இதில் குற்றமில்லை. உடலை வருத்தி ஆடுபவர் உரிய ஊதியம் பெறுவது நேர்மையே. ஆனால் ஏலத் தொகை, ஒருவரது திறத்தை வாங்குவோர் எவ்வளவுக்கு மதிக்கின்றனர் என்பதைக் காட்டுமே தவிர, உடன் ஆடியோரும் எதிர்த்து ஆடியோரும் அவரை எவ்வளவு மதிக்கின்றனர் என்பதைக் காட்டாது. விலை வேறு, விருது வேறு. விலை ஏலக் களத்தில் முடிவாகின்றது. விருது ஆட்டக் களத்தில் முடிவாக வேண்டும்.

இவ்வேறுபாட்டை நன்கு உணர்ந்து நடந்த ஒரு நாட்டின் வரலாறு தமிழர் கற்கத் தக்கது. அந்நாடு அயர்லாந்து. அங்கே 'அர்லிங்' என்னும் பழைமையான ஆட்டம் ஒன்று உண்டு. முனை தட்டையாய் அகன்ற மரமட்டையால் சிறு தோற்பந்தை அடித்தும், மட்டையின் முனையில் ஏந்தி ஓடியும், காப்புக் கம்பங்களுக்கு இடையில் செலுத்தும் ஆட்டம் அது, ஓரணிக்குப் பதினைவர். 1366ஆம் ஆண்டிலேயே ஆங்கில ஆட்சியினர் கிலக்கென்னி நகரில் ஒரு சட்டம் இயற்றி, அயர்லாந்தில் குடியேறிய ஆங்கிலேயர் அவ்வாட்டத்தை ஆடலாகாது எனத் தடுத்தனர். ஆட்டத்தின் வழியாக மொழியும் பழக்கவழக்கமும் ஒட்டிக்கொள்ளும் என்று அவர்கள் அஞ்சினர். அடக்க வந்தோர் அன்றே அறிந்திருந்த இவ்வுண்மையை அடக்கப்பட்டோர் அறியப் பல நூற்றாண்டுகள் ஆயின.

1884ஆம் ஆண்டு நவம்பர் முதல் நாள், திப்பரேரி மாவட்டத்தின் தர்லசு என்னும் ஊரில், மைக்கேல் கியூசாக்கு என்னும் பள்ளியாசிரியர் ஒருவரின் முயற்சியால் ஒரு சிலர் கூடி, தம் நாட்டு ஆட்டங்களைக் காக்கக் கேலிக்கு ஆடல் கழகத்தை நிறுவினர். கூடியோர் மிகச் சிறு கூட்டத்தாரே. அக்கழகம் சிற்றூர் தோறும் கிளைத்தது. தாய்நாட்டு ஆட்டத்தோடு தாய்மொழியையும் போற்றுவதைத் தன் நோக்கங்களுள் ஒன்றாகக் கொண்டது. 1920ஆம் ஆண்டு நவம்பர் 21ஆம் நாள் தப்லின் நகரில் அக்கழகத்தின் குரோக்குத் திடலில் கால்பந்துப் போட்டி நடந்துகொண்டிருந்தபோது, ஆங்கில அரசின் படையினர் கூட்டத்துள் புகுந்து சுட்டதில் 14 பேர் மாண்டனர். களத்திலேயே வீழ்ந்த மைக்கேல் ஓகன் என்னும் ஆடுநரின் பெயரை அத்திடலின் ஒரு பார்வையாளர் மாடம் இன்றும் தாங்கி நிற்கின்றது. இன்று 80,000க்கு மேற்பட்டோர் அமரும் பேரரங்கம் அது. ஆயினும் அங்கே ஆடுவோர் ஆட்டத்துக்கெனக் கூலி பெறுவதில்லை. ஆசிரியராகவும் உழவராகவும் பிற தொழிலினராகவும் பணி செய்துவிட்டு, மாலையில் தம் ஊர் அணிக்காகப் பயில்கின்றனர்.

அந்நாட்டில் அர்லிங் ஆட்டத்தின் ஆண்டுச் சிறந்த ஆடுநர்க்கு விருது வழங்கும் வழக்கம் 1958ஆம் ஆண்டில் தொடங்கிற்று. எண்ணெய் நிறுவனம் ஒன்றின் பொருளுதவியோடு நாளிதழ்களின் விளையாட்டாசிரியர்கள் தேர்ந்தனர். முதலாண்டு திப்பரேரியின் தோனி வாலும், மறு ஆண்டு கார்க்கு மாவட்டத்தின் கிறித்தி இரிங்கும் அதனைப் பெற்றனர். 1971 முதல் வேறொரு முறையும் சேர்ந்தது. ஆண்டுதோறும் ஒருவரை மட்டும் தேர்வதோடு நில்லாமல், களத்தின் பதினைந்து நிலைகளுக்கும் நிலைக்கொருவராய்ப் பதினைவரைத் தேர்ந்து, அந்த ஆண்டின் கனவு அணியாக அறிவித்தனர். காப்பிடத்தில் நிற்பவனும் ஓரத்தில் நிற்பவனும் தத்தம் நிலைக்குரிய சிறப்பை இதனால் பெற்றனர். பிற்காலத்தில், ஆண்டின் தலைசிறந்த ஒருவரைத் தேரும் உரிமை மாவட்ட அணிகளில் ஆடும் ஆடுநர்களுக்கே வந்து சேர்ந்தது. ஒரு குழு பெயர்களை முன்மொழிய, ஆடுநர்கள் ஒப்போலையிட்டு ஒருவரைத் தேர்கின்றனர். களத்தில் எவன் மட்டை தன் விலாவில் பட்டதோ, எவனை மறிக்க இயலாமல் தான் மண்ணைக் கவ்வினோமோ, அவனையே 'இவ்வாண்டின் சிறந்தோன்' என்று எதிரணியினன் எழுதித் தருகின்றான். கிலக்கென்னியின் என்றி செப்பிளின் என்பார் இச்சிறப்பை 2002, 2006, 2012 என மூன்று முறை பெற்றார். இதனினும் பெரிய மதிப்பை எந்த ஏலம் தரவல்லது?

அவ்வாட்டத்தின் பந்தைக் குறிக்கும் ஐரிசு மொழிச் சொல் 'சிலிட்டர்' என்பது. ஆங்கிலத்தில் பேசும்போதும் அவர்கள் அதை மாற்றிச் சொல்வதில்லை. இறுதிப் போட்டியில் வென்ற அணியின் தலைவன் கோப்பையை ஏந்திப் பேசும்போது ஐரிசு மொழியில் தொடங்குவது மரபு. அன்றாடப் பேச்சில் ஐரிசு மொழி பெரிதும் தேய்ந்துவிட்ட அந்நாட்டில், ஆட்டக்களம் அம்மொழிக்கு ஒரு புகலிடமாய் நிற்கின்றது. 2018ஆம் ஆண்டில் யுனெசுக்கோ அமைப்பு அர்லிங் ஆட்டத்தை உலக மாந்தரின் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்துக்கொண்டது. தன்னைத் தான் மதித்த ஆட்டத்தை உலகமும் மதித்தது.

அயர்லாந்தைப் பார்த்துத்தான் தமிழன் இதைக் கற்க வேண்டுமா எனின், இல்லை. அவன் மறந்ததை அவர்கள் நினைவூட்டுகின்றனர், அவ்வளவே. புறநானூற்றில் போரவைக் கோப்பெருநற்கிள்ளி என்னும் சோழன், ஆமூர் மல்லனோடு பொருத மற்போரைச் சாத்தந்தையார் பாடியுள்ளார். மல்லன் மார்பில் ஒரு காலும் முதுகில் ஒரு காலும் வைத்துக் கிள்ளி அவனை வென்ற விளக்கம் அப்பாட்டில் உண்டு. அதே கிள்ளியைப் பாடிய நக்கண்ணையார், வெற்றி அவனது என்று ஒரு சாராரும், அவனது அன்று என்று மற்றொரு சாராரும் சொல்லிக்கொண்டதையும், தாம் ஒரு பனைமரத்தடியில் நின்று அவன் வெற்றியைத் தம் கண்ணாற் கண்டதையும் கூறுகின்றார். நடுவர் தீர்ப்பில் பிணக்கு வருவதும், கண்டார் சான்று வேண்டப்படுவதும் இரண்டாயிரம் ஆண்டுப் பழைமையுடையன! ஓர் ஆட்டத்தின் வெற்றியாளன் பெயர் பாட்டில் பொறிக்கப்பெற்று இன்றளவும் நிற்கின்றது. அதைவிட நெடுநாள் நிலைத்த விருது உலகில் அரிது.

களத்தில் வீழ்ந்தோர்க்கு நடுகல் நட்டதும் அதே மக்கள்தாம். அதற்குத் தொல்காப்பியர் ஆறு படிகளைக் கூறுகின்றார்: காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுகல், பெரும்படை, வாழ்த்து. முதற்படியே தக்க கல்லைத் தேடிக் காண்பது, இறுதிப்படி வாழ்த்துவது. இன்று நடைபெறும் பாராட்டு விழாக்களில் முன்னைந்து படிகளும் காணாமற் போய் வாழ்த்து ஒன்றே எஞ்சியிருக்கின்றது. பொன்னாடை போர்த்துவோர் பெயர்கள் பெரிய எழுத்தில். போர்த்தப்படும் ஆடுநர் பெயர் சிறிய எழுத்தில். மூன்றாண்டு கழித்துக் கேட்டால், முந்தைய பொங்கற் போட்டியில் சிறந்த ஆடுநராகத் தேரப்பெற்றவர் யாரென்று அவ்வூராரே அறியார்.

குன்றத்தூரார் இதனை ஊன்றி எண்ணுதற்குத் தனியொரு கரணியம் உண்டு. பன்னிரண்டாம் நூற்றாண்டில் அவ்வூரிற் பிறந்து, சோழப் பேரரசில் அமைச்சராய் உயர்ந்த சேக்கிழார், அடியார்களின் வரலாற்றைப் பாடிய முறை நோக்கத்தக்கது. முதலில் சுந்தரர் பெயர்களை மட்டும் தொகுத்துப் பாடினார். அடுத்து நம்பியாண்டார் நம்பி ஒவ்வொருவர்க்கும் ஒரு பாட்டாக விரித்தார். பின்னர்ச் சேக்கிழார் ஊர் ஊராய்ச் செய்தி திரட்டி முழு வரலாறாக்கினார். அதில் மன்னர் மட்டுமோ இடம்பெற்றனர்? மட்கலம் வனைந்தவர், மீன்பிடித்தவர், துணி வெளுத்தவர், ஆடை நெய்தவர், எண்ணெய் ஆட்டியவர் ஆகிய அனைவரும் அந்நிரலில் பெயரும் ஊரும் தொழிலுமாக நிற்கின்றனர். சமயப் பற்று உடையார்க்கும் இல்லார்க்கும் அம்முறையில் ஒரு பாடம் உண்டு. முதலில் பெயரைக் குறி, பிறகு விரித்தெழுது, பிறகு வரலாறாக்கு. பெயரையே குறித்து வையாதவன் வரலாற்றை எங்ஙனம் எழுதுவான்?

ஆட்டத்தின் மொழியும் இதனோடு பிணைந்தது. தமிழகத்தில் சடுகுடு, ஆந்திரத்தில் செடுகுடு, மராட்டியத்தில் உதுதுது, வங்கத்தில் அடுடு எனப் பல பெயர்களில் வழங்கிய இவ்வாட்டத்துக்கு, 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மராட்டியத்தில் ஆட்டநெறிகள் எழுத்தில் வகுக்கப்பெற்றன. 1936இல் பெர்லின் ஒலிம்பிக்குப் போட்டியின்போது அமராவதிக் குழுவினர் அங்கே ஆடிக் காட்டினர். 1990இல் பெய்சிங்கு ஆசியப் போட்டியிலும், மகளிர்க்கு 2010இல் குவாங்சோவிலும் பதக்கப் போட்டியாயிற்று. இவ்வளர்ச்சி மகிழத் தக்கதே. ஆனால் ஒரே நெறிக்குள் வந்தபோது பாடிச் செல்பவன் 'கபடி கபடி' என்னும் ஒரே சொல்லையே ஓத வேண்டும் என்றாயிற்று. ஊருக்கு ஊர் வேறுபட்ட மூச்சுப்பாட்டுகளும், எதிரணியை எள்ளி நகையாடும் எதுகை மோனைத் தொடர்களும், அந்தந்த நொடியில் இட்டுக்கட்டிய அடிகளும் களத்தை விட்டு நீங்கின. ஒரே மூச்சு என்னும் அளவும் 30 நொடி என்னும் கடிகார அளவாயிற்று.

'கைபிடி' என்பதே கபடி ஆயிற்று என்று சொல்லி மனநிறைவு கொள்வார் சிலர் உளர். சான்றின்றி முழங்குவதால் தமிழுக்கு ஆக்கம் வாராது. சொல்லின் பிறப்பைத் தமிழுக்கு உரிமையாக்குவதைக் காட்டிலும், கண்முன் செத்துக்கொண்டிருக்கும் மூச்சுப்பாட்டுகளைக் காப்பது கடினமான பணி. அதனினும் பயனுள்ள பணி. பன்னாட்டுப் போட்டிகளில் கபடி என்றே ஓதட்டும். அங்கே அதுவே நெறி. பொங்கல் நாளில் தன் ஊர்த் திடலில் ஆடும் தமிழ் இளைஞனின் வாயையும் அந்நெறி கொண்டு கட்டுவானேன்? நடுவர்க்கு வேண்டுவது மூச்சு விடவில்லை என்பதற்கான ஒலி. அவ்வொலி தமிழ்ப்பாட்டாய் இருந்தால் ஆட்டம் கெட்டுவிடாது.

எனவே, தமிழ்நாட்டுச் சடுகுடுக்கு ஆண்டு விருது ஒன்று தமிழ்ப்பெயரால் ஏற்படுதல் வேண்டும். அதன் அமைப்புக்குச் சில நெறிகள் இன்றியமையாதன.

முதலாவது, தேர்வுரிமை ஆடுநரிடம் இருத்தல் வேண்டும். ஓர் ஆண்டில் மாவட்டப் போட்டிகளில் ஆடிய ஒவ்வொருவரும் ஒப்போலையிடலாம். ஆனால் தன் அணியினர்க்கு இடலாகாது. எதிரணியான் ஒருவன் உளமாரத் தரும் சான்றுக்கு மேற்பட்ட சான்று இல்லை. பொருளுதவி செய்வோர், மேடை அமைப்போர், கட்சியினர் ஆகியோர்க்கு அத்தேர்வில் இடமிருத்தல் கூடாது.

இரண்டாவது, ஒருவரோடு எழுவரையும் தேர்தல் வேண்டும். இன்றைய கணக்கு முறையில் பாடிச் செல்பவர் எத்தனை பேரைத் தொட்டாரோ அத்தனை புள்ளி பெறுகின்றார். பிடிப்பவர் உயிரைக் கொடுத்துப் பிடித்தாலும் பெரும்பாலும் ஒரு புள்ளிதான். ஆகவே எண்ணிக்கையை மட்டும் பார்த்தால் பாடிச் செல்பவர் புகழ் ஓங்கும். மூலையில் நின்று கணுக்காலைக் கவ்விப் பிடித்தவர் புகழ் மங்கும். மூலையர் இருவர், அவரை அடுத்து நிற்போர் இருவர், காவல் நிற்போர் இருவர், நடுவர் ஒருவர் என ஏழு நிலைக்கும் ஆண்டுதோறும் எழுவர் தேரப்பெற்றால், பிடித்தற் கலையும் பிழைக்கும். சங்கிலியாய்க் கைகோத்து நிற்கும் இருவரில் ஒருவன் கை நழுவினால் ஆட்டமே போகும்; அந்நழுவாத கைக்கு ஒரு பெயர் வேண்டாவா?

மூன்றாவது, மகளிர்க்கு நிகரான விருது, அதே மேடையில், அதே நாளில், அதே தொகையோடு அமைதல் வேண்டும். சிலப்பதிகாரத்து வஞ்சிக் காண்டத்தில் மகளிர் பந்தடித்துப் பாடிய கந்துகவரி உண்டு. ஊசலாடிப் பாடிய ஊசல்வரி உண்டு. ஆட்டமும் பாட்டும் மகளிர்க்கு உரியனவாகவே தமிழர் வாழ்வில் இருந்தன. கண்ணகி நகரின் வெற்றிக்குப் பின்னும் மகளிர் ஆட்டத்தை விழாவின் இடைவேளை நிகழ்ச்சியாகக் கருதுவது அறியாமை.

நான்காவது, சாதியின் நிழல் அதன்மேல் படலாகாது. தெருவுக்கொரு அணி, சாதிக்கொரு அணி, அவன் தெருவான் பிடித்தால் பகை, இவன் தெருவான் தொட்டால் அடிதடி என்னும் இழிநிலை தமிழ்நாட்டின் பல ஊர்களில் இன்னும் நீங்கவில்லை. தொடுவதையே உயிராகக் கொண்ட ஆட்டம் சடுகுடு. தொட்டால் தீட்டு என்பவன் அக்களத்தில் கால்வைக்கத் தகுதியற்றவன். சாதிப்பெயர் தாங்கிய அணிகளின் ஆட்டம் விருதுக்கு எண்ணப்படாது என்று ஒரு நெறி வகுத்தாலே, பல ஊர்களில் அணிகளின் பெயர்கள் தாமே மாறும்.

ஐந்தாவது, பெயர்ப்பதிவு. ஒவ்வோர் ஊர் மன்றமும் ஒரு பேரேடு வைத்து, ஆண்டு, போட்டி நடந்த இடம், வென்ற அணி, சிறந்தோர் பெயர், அவர் ஊர், அவர் பாடிய பாட்டு ஆகியவற்றைத் தமிழில் எழுதி வைத்தல் வேண்டும். அடிபட்டு ஆட்டத்தை விட்டவர் பெயரும் அதில் இருத்தல் வேண்டும். அவர்க்கு மருத்துவ உதவி செய்வது மன்றத்தின் கடனாதல் வேண்டும். விருதுக்கு வரும் பொருளில் ஒரு பங்கை இதற்கென ஒதுக்கினால் அவ்விருதின் மதிப்புப் பன்மடங்காகும்.

'சோற்றுக்கு வழியில்லாதவனுக்கு விருது எதற்கு?' என்று கேட்கப்படலாம். சோறும் வேண்டும்; சிறப்பும் வேண்டும். சோற்றுக்கு அரசுப்பணி ஒதுக்கீடும் ஊக்கத்தொகையும் உதவும். ஆனால் ஏழைக்குச் சோறு போதும், சிறப்பு வேண்டா என்பது செல்வர் வகுத்த நெறி. 'அனைத்திந்திய ஆட்டத்துக்குத் தமிழ்நாட்டில் தனி விருது எதற்கு?' என்றும் கேட்கப்படலாம். அயர்லாந்தில் ஒவ்வொரு மாவட்டமும் தன் ஆடுநரைச் சிறப்பித்ததால் நாட்டளவு விருது தாழ்ந்துவிடவில்லை. வேரில் நீர் ஊற்றுவதால் கிளை வாடாது. 2018ஆம் ஆண்டு சக்கார்த்தா ஆசியப் போட்டியில் ஆடவர் அரையிறுதியிலும் மகளிர் இறுதியிலும் ஈரான் அணிகள் இந்திய அணிகளை வீழ்த்தின. ஆட்டம் பிறந்த மண் என்னும் பெருமிதம் ஒன்றே புள்ளி தந்துவிடாது. சிற்றூர்த் திடலில் வேர் ஆழ்ந்தால்தான் முடியில் பூ பூக்கும் என்பதை அத்தோல்விகள் உணர்த்தின.

அத்திடல்களும் குறைந்து வருகின்றன. குன்றத்தூர், பல்லாவரம், தாம்பரம் எனச் சென்னையின் தெற்கே விரிந்துள்ள ஊர்களில் ஏரிக்கரைப் புறம்போக்கும் அறுவடை முடிந்த வயலும் ஒரு காலத்தில் சடுகுடுக் களங்களாயிருந்தன. இன்று அவை மனைப்பிரிவுகளாகி எல்லைக்கற்கள் நிற்கின்றன. ஆடவர் களத்துக்கு வேண்டுவது 13 மீட்டர் நீளமும் 10 மீட்டர் அகலமுமே. மகளிர்க்கு 12 மீட்டரும் 8 மீட்டரும். விலைமிக்க கருவி ஒன்றும் வேண்டா. மட்டையும் வலையும் வேண்டா. ஓர் ஊரில் அவ்வளவு மண்ணைக்கூட இளைஞர்க்கு ஒதுக்க இயலாது என்றால், அவ்வூர் எதற்காக வளர்கின்றது? நகராட்சியும் ஊராட்சியும் பள்ளிகளும் இதற்கு விடை கூறக் கடமைப்பட்டவை.

பெரிய அரசாணைக்காகக் காத்திருக்க வேண்டுவதில்லை. தர்லசு ஊரில் கூடிய சிறு கூட்டம் அரசின் ஆணையைக் கேட்டுக் கூடவில்லை. வரும் பொங்கல் திருநாளில் குன்றத்தூர்ப் பகுதியின் இளைஞர் மன்றங்கள் பத்து அணிகளைக் கூட்டினாலும் போதும். ஆடி முடித்த மாலையில் ஆடுநர் ஒவ்வொருவர் கையிலும் ஒரு துண்டுத் தாளைக் கொடுத்து, எதிரணியில் தாம் கண்ட சிறந்தோர் பெயரை எழுதச் செய்தால் போதும். எண்ணி அறிவிக்க ஒரு தமிழாசிரியர் போதும். விருது ஒரு வெள்ளிக் கோப்பையாகவோ ஒரு கற்பலகையாகவோ இருக்கட்டும். அதில் 'ஆண்டின் சிறந்த சடுகுடு ஆடுநர்' என்னும் தமிழெழுத்தும், அவர் பெயரும் ஊரும் ஆழப் பொறிக்கப்பெறட்டும். அடுத்த ஆண்டு அதன் கீழே அடுத்த பெயர் ஏறட்டும். அறுபத்து மூவர் பெயரை அழியாமற் காத்த சேக்கிழார் பிறந்த ஊர், தன் பிள்ளைகளில் ஆண்டுக்கு எண்மர் பெயரைக் காத்துத் தர இயலாதா? இயலும். தொடங்குக!